கண்ணாடியில் தெரிகிற வரைக்கும்

அவளுடைய அப்பா ராணுவத்தில் பியூகிள் ஊதுகிறவர். விடிகிற நேரத்தில் அவர் ஊதினால் ஒரு படைப்பிரிவே எழுந்து கால்சட்டையைத் தேடும். சமையற்கூடத்தில் அடுப்பு பற்றும், கொட்டடியில் கோவேறு கழுதைகள் காதை நிமிர்த்தும். காக்கைகள்கூட அதைக் கேட்ட பிறகுதான் கரையத் தொடங்கும் என்று குடியிருப்பில் சொல்வார்கள். இத்தனை பேரை எழுப்புகிற மனிதருக்குத் தானாக எழுந்திருக்க மட்டும் வராது. தினமும் அம்மாதான் ஒரு செம்புத் தண்ணீரோடு போய் நிற்பாள்.

"ஊரை எழுப்புற மகராசனே, எழுந்திருங்க. பட்டாளம் தூங்குது."

ஆக, அந்தப் படைப்பிரிவை உண்மையில் எழுப்பியது யார் என்பதை அவரவர் முடிவு செய்துகொள்ளலாம். மகள் சின்ன வயதிலேயே முடிவு செய்துவிட்டாள். முன்னால் நின்று ஊதுகிறவரை எல்லோரும் பார்க்கிறார்கள், பின்னால் செம்போடு நிற்கிறவளை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை என்பது அவளுக்கு அந்த வீட்டில் புரிந்தது. அது எத்தனை பெரிய பாடம் என்று புரிய இன்னும் வருஷங்கள் பிடித்தன.

பெண்களை வண்டிப் பிரிவில் சேர்க்கத் தொடங்கிய புதிதில் அவள் போய்ச் சேர்ந்தாள். அப்பா பெருமையில் அன்றைக்கு ஒருநாள் தானாகவே எழுந்துவிட்டார். நேரம் தெரியாமல் எழுந்ததால் ஒரு மணி நேரம் முன்னதாக ஊதித் தொலைத்தார். அந்தப் பிரிவு அவரை மன்னிக்கவே இல்லை என்பது வேறு கதை.

வண்டிப் பிரிவில் பயிற்சி கொடுத்த சார்ஜென்ட் எருமை மாதிரி கழுத்துள்ளவர். முதல் நாளே எல்லோரையும் லாரிகளுக்கு முன்னால் நிறுத்திவைத்துச் சொன்னார்.

"முன்னால பாத்து ஓட்டுறதுக்கு நீங்க எதுக்கு? கண்ணுள்ள குதிரை போதும். கான்வாய்ல போறவனுக்கு ஒரே வேலைதான். பின்னால வர்ற வண்டி கண்ணாடியில தெரியணும். தெரியலன்னா நிறுத்து. நீ நின்னா உனக்கு முன்னால போறவன் கண்ணாடியில நீ காணாமப் போவே, அவனும் நிப்பான். இப்படியே தலைவண்டி வரைக்கும் நிக்கும். யாரும் யாரையும் கூப்பிட வேணாம், கத்த வேணாம். புரியுதா?"

புரிந்தது. புரிந்தது மட்டுமல்ல, அவள் கழுத்தில் அது குடியேறிவிட்டது. லாரி ஓட்டும்போது மட்டுமா? சாப்பாட்டு வரிசையில் நின்றால் திரும்பிப் பார்ப்பாள், தெருவில் நடந்தால் திரும்பிப் பார்ப்பாள். மூச்சுக்கு ஒரு தடவை கண்ணாடியைப் பார்க்கிற பெண் என்றால் ஆண்கள் என்ன நினைப்பார்கள்? அலங்காரப் பைத்தியம் என்று நினைத்தார்கள். 'கண்ணாடி' என்று பெயர் வைத்தார்கள். பெற்றோர் வைத்த பெயரை அதற்குப் பிறகு சம்பளத்துக்குக் கையெழுத்துப் போடுகிற அன்றுதான் அவளே நினைத்துக்கொள்வாள்.

அவளுக்கு முன் வண்டியை ஓட்டுகிறவனுக்குத் தும்மல் என்று பெயர். தூசி பட்டால் தும்முவான், குளிர் பட்டால் தும்முவான், மேலதிகாரியைப் பார்த்தாலும் தும்முவான். அவன் தும்மினால் லாரி ஒரு கியர் இறங்கும் என்பார்கள். அதில் கொஞ்சம் மிகை உண்டு, ஸ்டியரிங் லேசாக ஆடும், அவ்வளவுதான்.

ஒரு மழை நாளில் அவர்களுடைய கான்வாய் மலைப்பாதையில் இறங்கிக்கொண்டிருந்தது. அவளுடையது கடைசி வண்டி. ஒரு வளைவில் சேற்றில் சக்கரம் வழுக்கி, கம்பளி மூட்டைகள் ஏற்றிய லாரி சாலையை விட்டுச் சறுக்கி, ஒரு மரத்தில் இடித்து நின்றது. மரத்துக்கு அந்தப் பக்கம் ஒன்றுமில்லை, மேகம்தான். அவள் கையை அசைத்தாலும் வண்டி முனகியது. பின்னால் வர யாருமில்லை. முன்னால் போகிறவர்களோ மழையில் வைப்பரையும் சாலையையும்தான் பார்ப்பார்கள். தன் கதை இவ்வளவுதான் என்று அவள் அம்மாவின் செம்பை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

அப்போது மழைச் சத்தத்துக்கு நடுவில் ஒரு தும்மல் கேட்டது.

பிற்பாடு எத்தனையோ கைதட்டல்களை அவள் கேட்டாள். அந்தத் தும்மலைப் போல இனிமையான ஓசையை அதற்கு முன்னும் பின்னும் கேட்டதில்லை என்று ஆயுசு முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அவன் சன்னலுக்கு அருகில் வந்து நின்றான். தலை முதல் கால்வரை தண்ணீர்.

"உயிரோட இருக்கியா?"

"இருக்கேன்."

"அப்போ ஆடாம இரு. நானும் தும்மாம இருக்கப் பாக்குறேன்."

கயிறு கட்டி இழுத்தார்கள். மரம் பிழைத்தது, லாரி பிழைத்தது, அவளும் பிழைத்தாள். ஆனால் தும்மல் வண்டியை நிறுத்திய இடம் பாறை சரிகிற இடம். 'இங்கே எக்காரணம் கொண்டும் நிற்காதே' என்று பலகையே வைத்திருந்தார்கள். அவன் நின்றதால் அவனுக்கு முன்னால் இருந்த வரிசை முழுவதும் அந்தப் பாறைக்குக் கீழே நின்றது. பாறை ஏதோ நல்ல மனநிலையில் இருந்ததால் விழவில்லை. கேப்டன் அப்படிப்பட்ட மனநிலையில் இல்லை. தும்மலை மெஸ்ஸில் உருளைக்கிழங்கு உரிக்கப் போட்டார். ஒரு படைக்கே உரிக்கிற கிழங்கு என்றால் குவியலுக்குப் பின்னால் ஆள் தெரியாது.

அவள் ஒரு கத்தியோடு போய் எதிர்ப்பக்கம் உட்கார்ந்தாள். அந்தக் கிழங்கு மலை குறையக் குறைய இரண்டு பேருக்கும் முகம் தெரிய ஆரம்பித்தது. தரை தெரிகிறபோது கல்யாணம் முடிவாகியிருந்தது.

"கண்ணாடியைப் பாக்காம போயிருந்தா நான் இன்னிக்குச் சுதந்திரப் பறவை" என்று தும்மல் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தான். "பாத்தேன். என் தலையெழுத்து."

பட்டாளத்தை விட்டு வந்ததும் அந்த மலைச்சாலை முடிகிற சின்ன ஊரிலேயே இருவரும் தங்கிவிட்டார்கள். அவன் ஒரு தகரக் கொட்டகை போட்டு வண்டி பழுது பார்த்தான். அவளுக்கு அந்த ஊர் ஆஸ்பத்திரியின் ஆம்புலன்ஸை ஓட்டுகிற வேலை கிடைத்தது. ஆஸ்பத்திரி என்று பெயர்தானே ஒழிய அதில் பிரசவம் பார்க்க இடமில்லை. வலி கண்டவர்களை நகரத்துக்குக் கொண்டுபோக வேண்டும். நடுவில் ஒரு ரயில்வே கேட். சரக்கு ரயில் வந்தால் அதன் வால் எப்போது வரும் என்று எஞ்சினுக்கே தெரியாது. அந்தக் கேட்டில் பிறந்த பிள்ளைகளை மட்டும் சேர்த்தால் ஒரு பள்ளிக்கூடம் நடத்தலாம் என்பார்கள். அது மிகை. ஒரு வகுப்பு நடத்தலாம்.

அந்த வகுப்பில் அவளுடைய மகளும் ஒருத்தி. ஓட்டுகிறவளுக்கே வலி கண்டுவிட்டதால் அன்று தும்மல்தான் ஓட்டினான். அவள் பின்னால் படுத்துக்கொண்டு பல்லைக் கடித்தபடி, "கியரை மாத்து, கியரை மாத்து" என்றாள். "யாருக்குப் பிரசவம், உனக்கா வண்டிக்கா?" என்றான் அவன். கேட் மூடியிருந்தது. ரயில் போய்க்கொண்டே இருந்தது. கடைசிப் பெட்டி கடக்கும்போது மகள் பிறந்துவிட்டாள். அப்பனும் மகளும் ஒரே நேரத்தில் தும்மினார்கள் என்று சொல்வதை நம்புகிறவர்கள் நம்பலாம்.

அதற்குப் பிறகுதான் அவள் ஊரைத் திரட்டினாள். மனுக் கொடுத்து, மந்திரி வாசலில் உட்கார்ந்து, மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு நடையாய் நடந்து, கடைசியில் ஆஸ்பத்திரியின் பின்பக்கத்தில் ஒரு பிரசவப் பிரிவு வந்தது. பச்சை வண்ணம் அடித்த ஒரு நீளமான அறை, வரிசையாகக் கட்டில்கள், வெந்நீர்க் கொதிகலன், அதிகாரம் செய்ய ஒரு பெரிய சிஸ்டர். அவ்வளவுதான். ஆனால் அந்தச் சன்னலில் விளக்கெரிந்தால் ஊரில் எல்லோரும் ஒரு நிமிஷம் நின்று, "யாரு வீட்டுக்கு?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள்.

சிறிய ஊர்களின் பிரசவப் பிரிவுகளையெல்லாம் மூடி நகரத்தோடு சேர்க்கப்போகிறார்கள் என்று பேச்சு எழுந்தபோது சட்டமன்றத் தேர்தல் வந்தது. அவள் ஊரில் ஒரு கட்சியின் இரண்டு பெரிய மனிதர்கள் அந்த இடத்துக்காக அடித்துக்கொண்டார்கள். யாருக்குக் கொடுத்தாலும் மற்றவர் காலை வாருவார். கடைசியில் கட்சி யோசித்தது: இந்த ஊரில் யாரோடும் பகையில்லாத ஆள் யார்? எல்லோருடைய மனைவியையும் மகளையும் ஏற்றிக்கொண்டு போன ஆம்புலன்ஸ்காரிதான்.

பிரசாரத்துக்கு மற்றவர்களின் கார்கள் சூறாவளியாகப் போகும். மக்கள் வாசலுக்கு வருவதற்குள் தூசிதான் மிச்சம். இவளுடைய ஊர்வலம் வரிசையில் எந்த வண்டி மெதுவானதோ அதன் வேகத்தில் போனது. எது மெதுவான வண்டி? தும்மலின் கொட்டகையில் பிறந்து அங்கேயே வளர்ந்த ஒரு பழைய வேன். அது வளைவில் மறைந்தால் ஊர்வலமே நிற்கும். நின்ற இடத்தில் நாலு பேரோடு பேசினாள். ஒரே ஒரு வாக்குறுதிதான் கொடுத்தாள்.

"பச்சை ரூமை மூட விட மாட்டேன். வேற எதுவும் என்னால முடியுமான்னு எனக்குத் தெரியாது."

ஜெயித்தாள். வேன்தான் தன்னை ஜெயிக்க வைத்தது என்று கடைசிவரை அதை விற்க விடவில்லை.

சட்டமன்றத்துக்கு அவள் போன புதிதில் நடந்தவற்றைச் சொன்னால் நாள் போதாது. உறுப்பினர் விடுதியில் படுக்கையைப் பட்டாளத்து மடிப்பாக மடித்துவைத்தாள். அறை சுத்தம் செய்கிறவர் அதைக் கலைத்துப் போட்டு மறுபடி விரித்துத் தன் வேலையைக் காப்பாற்றிக்கொண்டார். முதல் பேச்சில், "எங்க ஊர் நிலவரம் இது, தேவை இது, முடிந்தது" என்று சொல்லி உட்கார்ந்தாள். சபாநாயகர் இன்னும் ஏதோ வரும் என்று வெகுநேரம் காத்திருந்தார். நடைகூடத்தில் அவள் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டு நடப்பதைக் கண்டு, அவளை யாரோ பின்தொடர்வதாக வதந்தி பரவியது. அவளுக்குப் பாதுகாப்புக் கொடுக்கலாமா என்று ஆளுங்கட்சியே யோசித்ததாம்.

ஆளுங்கட்சியில் அவளுக்கு எதிராக வாய் திறக்கிறவர் ஒருவர் இருந்தார். ஓய்வுபெற்ற பேராசிரியர். கனத்த உடம்பு, மோசமான முழங்கால், மிக நல்ல நாக்கு. ஒரு வாக்கியத்தைத் தொடங்கினால் அதற்குள் ஒரு ராஜ்ஜியம் எழுந்து விழுந்துவிடும். பிரசவப் பிரிவுகளை மூடும் மசோதாவை அவர்தான் தூக்கிப்பிடித்தார்.

"லாரி ஓட்டின உறுப்பினருக்குச் சாலை தெரியும். நாட்டோட எதிர்காலம் தெரியுமா?" என்றார் ஒருநாள்.

"எதிர்காலம் எங்க ஊர்ல ரயில்வே கேட்ல பொறக்குது சார்" என்றாள் அவள். "வந்து பாருங்க, காட்டுறேன்."

சபை சிரித்தது. அவரும்தான் சிரித்தார். ஆனால் மசோதா சிரிப்பில் விழுந்துவிடுகிற பொருளா?

ஓட்டெடுப்பு இரண்டு கட்டம். முதல் கட்டத்தில் ஏற்றுக்கொண்டால், சில வாரம் கழித்து இறுதி ஓட்டெடுப்பு. அந்தச் சபையின் வழக்கம் என்னவென்றால், ஓட்டெடுப்புக்கு மணி அடிக்கும். மணி நிற்பதற்குள் உறுப்பினர்கள் எங்கிருந்தாலும் உள்ளே வந்துவிட வேண்டும். நின்றதும் வாயிற்காவலர் கதவை மூடுவார். பிறகு ராஜாவே வந்தாலும் திறக்க மாட்டார். உள்ளே இருப்பவர்கள், 'ஆம்' என்றால் வலப்பக்கமும் 'இல்லை' என்றால் இடப்பக்கமும் போய் நிற்க, தலைகளை எண்ணுவார்கள். சமமாக வந்தால் மசோதா தோற்றதாக அர்த்தம்.

முதல் ஓட்டெடுப்பு அன்று மணி அடித்தபோது பாதிப் பேர் தேநீர் அறையில் இருந்தார்கள். கூட்டம் நடைகூடத்தில் பாய்ந்தது. அவளும் பட்டாளத்து நடையில் விரைந்தாள். வழக்கம்போல் கழுத்து திரும்பியது.

எல்லோரும் முன்னால் போய்விட்டார்கள். பின்னால் ஒரே ஒருவர், சுவரைப் பிடித்துக்கொண்டு. பேராசிரியர். அவருடைய கட்சிக்காரர்கள் அத்தனை பேரும் அவரைக் கடந்துதான் போயிருந்தார்கள்.

அவள் நின்றாள். யோசித்து நிற்கவில்லை. கால் நின்றது, பிறகுதான் தலைக்குத் தெரிந்தது.

"நீங்க போங்கம்மா" என்றார் அவர், மூச்சு வாங்க. "மணி நிக்கப்போகுது."

"வாங்க சார்."

"நான் உங்களுக்கு எதிரா ஓட்டுப் போடப்போறவன்."

"அதுக்கும் உள்ளே வரணும்ல? கையைக் குடுங்க."

இருவரும் கதவை எட்டுவதற்குள் மணி நின்றது. வாயிற்காவலர் வருத்தமான முகத்தோடு கதவைச் சாத்தினார். கதவின் கண்ணாடி வழியாகப் பார்த்தால், உறுப்பினர்கள் வலமும் இடமுமாகப் பிரிவது தெரிந்தது. இடப்பக்கத்தில் அவள் நிற்க வேண்டிய இடம் காலியாக இருந்தது.

மசோதா ஒரு ஓட்டில் ஏற்கப்பட்டது.

வெளியே வந்த அவளுடைய கட்சிக் கொறடா, மெலிந்த இளைஞர், தலைமுடியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"ஒத்த ஓட்டுக்கா. அவர் நொண்டிக்கிட்டு வெளியில நிக்கிறார், நீங்க உள்ள வந்திருந்தா சரிக்குச் சரி. மசோதா அங்கேயே படுத்திருக்கும். உங்க ஊர் மசோதாக்கா இது. எதிர்க்கட்சிக்காரரைக் கைத்தாங்கலாக் கூட்டிட்டு வர உங்களை யார் கேட்டா?"

"யாரும் கேக்கல தம்பி" என்றாள் அவள்.

பேராசிரியர் நடைகூடத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். கொறடா பேசியது முழுவதும் அவர் காதில் விழுந்தது.

அவள் ஊருக்குப் போய், ஆஸ்பத்திரி வாசலில் எல்லோரையும் கூட்டி, நடந்ததை நடந்தபடி சொன்னாள். யார் மீதும் பழி போடவில்லை, சுற்றி வளைக்கவும் இல்லை. கூட்டத்தில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்ற பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பெரிய சிஸ்டர் முன்னால் வந்தார்.

"உங்களை அங்க அனுப்புனது எங்களுக்காக நடக்கிறதுக்கு. அடுத்தவங்களுக்காக நிக்கிறதுக்கு இல்ல."

"நீங்க சொல்றது சரிதான் சிஸ்டர்."

"சரின்னு சொன்னா ஆச்சா? இந்தக் கட்டிலையெல்லாம் நான் எங்க கொண்டுபோய் வைக்க?"

வீட்டுக்கு வந்து சமையலறை முக்காலியில் உட்கார்ந்தாள். தும்மல் அடுப்படியில் நின்று உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தான். அந்த வீட்டில் அந்த வேலை கல்யாணத்திலிருந்தே அவனுடையது. எப்படியும் உனக்குப் பழக்கம் என்று ஒப்படைத்திருந்தாள்.

"நான் தப்புப் பண்ணிட்டேனா?" என்றாள்.

"ஆமா" என்றான் அவன். "பெரிய தப்பு."

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"பாறைக்குக் கீழ வண்டியை நிறுத்துனானே ஒருத்தன், அவனும் அதே தப்பைத்தான் பண்ணினான். முன்னால இருந்த அத்தனை பேரும் அவனைப் பெத்தவங்க வரைக்கும் இழுத்துத் திட்டினாங்க. திட்டுனதுல நியாயம் இருந்துச்சு. பாறை விழுந்திருந்தா?"

"வருத்தப்பட்டியா?"

"உன் சமையலைச் சாப்பிட்டப்பெல்லாம் பட்டேன். அதனாலதானே நானே சமைக்கிறேன்." ஒரு கிழங்கைத் தட்டில் போட்டான். "மத்தபடி, அந்த வளைவைத் தாண்டினா இன்னிக்கும் மரத்துக்கு ஒரு கும்பிடு போடுறேன். நீ பாத்ததில்ல. நீதான் எப்பவும் பின்னாடியே பாத்துக்கிட்டு இருப்பியே."

அவள் இன்னொரு கத்தியை எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தாள்.

அடுத்த வாரம் ஒரு பெரிய கார் ஊருக்குள் நுழைந்து, ஆஸ்பத்திரி வாசலில் நின்றது. பேராசிரியர் இறங்கினார். இறங்கி முடிப்பதற்குள் பாதி ஊர் கூடிவிட்டது.

"எதிர்காலத்தைக் காட்டுறேன்னு சொன்னீங்களே" என்றார். "பாக்க வந்திருக்கேன்."

அவள் ஆம்புலன்ஸின் பின்கதவைத் திறந்தாள்.

"நான் முன்னாடி உக்காந்துக்கிறேனே."

"பிள்ளைத்தாச்சிங்க முன்னாடி உக்கார மாட்டாங்க சார். படுங்க."

ஊரே பார்க்க, சட்டமன்றத்தின் மிக நல்ல நாக்கு ஸ்ட்ரெச்சரில் படுத்தது. பெரிய சிஸ்டர் தானே வந்து வாரைக் கட்டினார், தேவைக்குக் கொஞ்சம் அதிகமாகவே இறுக்கினார். வண்டி கிளம்பியது. முதலில் அவர் கூரையைப் பார்த்து ஏதோ சொற்பொழிவு ஆற்றினார். சாலையின் முதல் பள்ளத்தில் அது அறுந்தது. கேட் மூடியிருந்தது.

"எவ்வளவு நேரம் ஆகும்?" என்று பின்னாலிருந்து குரல் வந்தது.

"ரயிலுக்குத்தான் தெரியும் சார்."

"உங்க பொண்ணு இங்கதான் பொறந்தாளாமே?"

"இப்ப நீங்க படுத்திருக்கிற இடத்துலதான்."

சரக்கு ரயில் தடதடவென்று போய்க்கொண்டே இருந்தது. அவள் கண்ணாடியில் பார்த்தாள். இரண்டு கைகளாலும் கம்பியைப் பிடித்தபடி கண்ணைத் திறந்து படுத்திருந்தார்.

நகரத்து ஆஸ்பத்திரியில் கதவைத் திறந்த ஊழியர் உள்ளே யார் என்று பார்க்காமலே பழக்க தோஷத்தில் கேட்டார்: "வலி எப்ப ஆரம்பிச்சுது?"

"போன தேர்தலுக்கு முன்னாடியே" என்றார் பேராசிரியர். "முழங்கால்ல."

இறுதி ஓட்டெடுப்பு நாளில் கொறடா விடியும்போதே அவள் அறை வாசலில் நின்றார்.

"அக்கா, உங்களைக் கையெடுத்துக் கும்பிடுறேன். இன்னிக்கு ஒரு நாள் மட்டும் பின்னாடி பாக்காதீங்க."

"கழுத்து பழகிப்போச்சு தம்பி."

"அப்போ கிளம்பவே வேணாம். காலையிலேயே உள்ள வந்து உக்காந்துடுங்க. தேநீரை அங்கேயே கொண்டுவரச் சொல்றேன்."

அப்படியே உட்கார்ந்தாள். மணி அடித்தது. கொறடா அவளுக்குப் பக்கத்திலேயே காவல் இருந்தார். உறுப்பினர்கள் நிறைந்தார்கள். அவள் திரும்பிப் பார்த்தாள். பேராசிரியரின் இருக்கை காலி.

இந்த முறை கால் தானாக நிற்கவில்லை. உட்கார்ந்திருந்தவள் யோசித்தாள். வெளியே போனால் மறுபடி கதவு மூடலாம். பச்சை அறை போகும், பெரிய சிஸ்டரின் முகத்தை இனிமேல் பார்க்க முடியாது. அந்த மனிதர் எந்தப் பக்கம் நிற்பார் என்று அவர் அவளிடம் சொல்லவும் இல்லை. உள்ளேயே இருந்தால் யாரும் ஒரு வார்த்தை குறை சொல்ல மாட்டார்கள். பாறைக்குக் கீழே நின்றவனும் இப்படித்தான் கணக்குப் பார்த்திருக்கலாம். பார்த்திருந்தால் இன்று இந்த இருக்கையில் யோசிப்பதற்கு அவள் இருந்திருக்க மாட்டாள்.

எழுந்தாள்.

"அக்கா" என்றார் கொறடா. அழுகிற குரல் அது.

"கண்ணாடியில தெரியல தம்பி. வந்துடுறேன்."

நடைகூடத்தின் கோடியில் அவருடைய கட்சித் தலைவர்களின் அறைக்கதவு அப்போதுதான் திறந்தது. காலையிலிருந்து அவரை உள்ளே வைத்துப் பேசிக் கரைக்கப் பார்த்திருக்கிறார்கள். பேராசிரியர் வெளியே வந்து சுவரைப் பிடித்தார். அவளைப் பார்த்தார்.

"மறுபடியுமா? உங்களுக்குப் புத்தியே வராதா?"

"கையைக் குடுங்க சார். திட்டுறதை நடந்துக்கிட்டே திட்டுங்க."

உள்ளே என்ன நடந்தது என்பதை அவள் பிறகுதான் கேள்விப்பட்டாள். மணி ஓயப்போகிற நேரத்தில் கொறடா எழுந்து ஓடி, வாசற்படியில் ஒரு காலை வெளியிலும் ஒரு காலை உள்ளேயும் வைத்து நின்றுகொண்டார். உறுப்பினர் வாசற்படியில் நிற்கும்போது கதவைச் சாத்தக் கூடாது என்பது விதி.

"ஐயா, காலை எடுங்க" என்றார் வாயிற்காவலர்.

"எடுக்க மாட்டேன். மூடணும்னா காலோட மூடுங்க."

"மணி நின்னுடுச்சு ஐயா."

"எனக்குக் காது அடைச்சிருக்கு."

அவருக்குப் பின்னால் இன்னொரு உறுப்பினர் வந்து நின்றார். அவருக்குப் பின்னால் இன்னொருவர். கடைசியில் ஆளுங்கட்சியைச் சேர்ந்த ஒரு விவசாயியும் காற்று வாங்க வந்தேன் என்று சொல்லிக்கொண்டு வந்து நின்றார். அவருடைய மருமகளுக்கு மாதம் நெருங்கியிருந்தது. சபாநாயகர் தன் இருக்கையிலிருந்து கேட்டார்: "கதவு சாத்தியாச்சா?"

"வாசப்படியில உறுப்பினருங்க இருக்காங்க தலைவரே" என்றார் வாயிற்காவலர். சொல்லிவிட்டுத் தன் தாழ்ப்பாளை வெகு அக்கறையாகத் துடைக்கத் தொடங்கினார்.

அவள் பேராசிரியரின் கையைப் பிடித்தபடி நடைகூடத்தின் திருப்பத்தில் வந்தபோது, வாசலில் ஒரு வரிசை நின்றுகொண்டிருந்தது. ஒவ்வொருவரும் பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டு. யாரும் யாரையும் கூப்பிடவில்லை, கத்தவில்லை. அவளுக்கு ஒரு கணம் மழை கேட்டது.

உள்ளே வந்ததும் கதவு மூடியது. உறுப்பினர்கள் பிரிந்தார்கள். பேராசிரியர் அவள் கையை விடுவித்துக்கொண்டு தனியாக நடந்தார். முழு சபையும் அவர் நடந்து முடிக்கக் காத்திருந்தது. வலப்பக்க வரிசையைத் தாண்டினார்.

"சார், இந்தப் பக்கம்" என்று அவருடைய தலைவர் பல்லுக்கிடையில் சொன்னார்.

"தெரியும்ப்பா. இந்தச் சபையில உன்னைவிட மூத்தவன் நான்" என்று சொல்லிக்கொண்டே அவர் இடப்பக்கம் போய் நின்றார்.

மசோதா ஒரு ஓட்டில் தோற்றது.

அவளை அதற்குப் பிறகும் ஊர் தேர்ந்தெடுத்து அனுப்பியது. பாலம் கட்டினாள், ரயில்வே கேட்டுக்கு மேலே சாலை கொண்டுவந்தாள். சிலவற்றில் தோற்றாள், ஒரு தேர்தலிலும் தோற்றாள். பேராசிரியரைக் கட்சி சில காலம் ஒதுக்கி வைத்தது. தன் வாழ்வில் படித்த எல்லாப் புத்தகங்களையும்விட அந்த ஆம்புலன்ஸின் கூரைதான் தெளிவாக எழுதப்பட்டிருந்தது என்று அவர் மேடைகளில் சொல்லிவந்தார், மிக நீளமாகச் சொன்னார். பெரிய சிஸ்டர் நன்றி என்று வாயால் சொன்னதில்லை. பச்சை அறையின் வாசலில் ஆம்புலன்ஸிலிருந்து கழற்றிய ஒரு பழைய கண்ணாடியை மாட்டிவைத்தார். பிரசவத்துக்கு வருகிற பெண்கள் அதில் தலையைச் சரிசெய்துகொண்டு உள்ளே போவார்கள்.

அந்த ஓட்டெடுப்பு முடிந்த மறுநாள் தும்மல் அவளை அழைத்துவரப் பழைய வேனில் வந்திருந்தான். அவள் ஊர் ஆஸ்பத்திரிக்குப் புதிதாகக் கிடைத்த ஆம்புலன்ஸை ஓட்டிக்கொண்டு அவனுக்குப் பின்னால் வந்தாள். மலைச்சாலையின் அந்த வளைவில், மரத்தருகில், அவள் வண்டியை ஓரமாக நிறுத்தி இறங்கினாள். மரத்தின் பட்டையில் பழைய இடித்த தழும்பு இன்னும் இருந்தது. அதன் மேல் கையை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள்.

வளைவுக்கு அப்பாலிருந்து ஒரு தும்மல் கேட்டது. பிறகு நடந்துவருகிற காலடி.

"உயிரோட இருக்கியா?" என்றான் தும்மல்.

"இருக்கேன்."

"கண்ணாடியில காணோம். நிறுத்திட்டேன்."

"அப்படியே போயிருக்கலாம்ல? சுதந்திரப் பறவை."

"போயிருக்கலாம்தான்" என்றான். "வேனுக்குப் பிரேக் நல்லாப் பிடிக்குது, என்ன பண்றது?"

சொல்லிவிட்டு மரத்துக்கு ஒரு கும்பிடு போட்டான். இந்த முறை அவள் பார்த்தாள்.